விடுமுறை இரவும் ஆசிரியர் வாழ்வும்

ஆசிரியரைத் தெய்வமெனப் போற்றுஞ் சமுதாயம் அவரை மனிதராக ஏற்கத் தயங்குவதுண்டு. போற்றுதல் ஊதியத்துக்கும் வசதிக்கும் ஈடாக வழங்கப்படும்போது, அதன் உட்கிடக்கை ஆராயப்பட வேண்டியதாகின்றது. குயின்ரா பிறன்சன் ஆக்கி, 2021 டிசெம்பரிலே அமெரிக்காவின் ஏ.பி.சி. தொலைக்காட்சியில் தொடங்கிய ‘அபற் எலிமென்ரறி’ என்னும் நகைச்சுவைத் தொடர் இவ்வாராய்ச்சிக்கு இடமளிப்பது.

பிலடெல்பியா நகரின் அரசாங்கப் பாடசாலையொன்றே தொடரின் களம். போதிய நிதியும் நல்ல நிருவாகமும் இல்லாத பாடசாலைகளைப் பற்றி விவரணப் படம் எடுக்க ஒரு குழு வந்திருப்பதாகவும், அக்குழுவின் படக்கருவி காண்பதையே நாமும் காண்பதாகவும் கதை அமைக்கப்பட்டுள்ளது. முதலாம் அங்கத்திலே, இரண்டாம் வகுப்பு ஆசிரியை ஜனீன் தன் மாணவருக்குப் புதிய தரைவிரிப்பொன்றைப் பெற அலைகிறாள். அதிபர் ஏவாவோ பாடசாலைக்குக் கிடைத்த பணத்தைப் பெயர்ப்பலகைக்குச் செலவிடுகிறாள். பற்றாக்குறையே இங்கு நகைச்சுவையின் ஊற்று. நாம் சிரிக்கின்றோம், சிரிப்பு அடங்கியதும், இந்நிலைக்குப் பொறுப்பாளர் யார் என்ற வினா எஞ்சுகின்றது.

இப்பின்னணியிலேயே, 2022 டிசெம்பர் 7ஆந் திகதி ஒளிபரப்பாகிய ‘ஹொலிடே ஹூக்கா’ என்னும் அங்கத்தை நோக்குதல் வேண்டும். குளிர்கால விடுமுறை தொடங்குகின்றது. ஜனீனும், அவளுடன் பணியாற்றும் முதலாம் வகுப்பு ஆசிரியர் கிறகறியும், ஹூக்கா புகைக்கும் களியாட்ட விடுதியொன்றிலே எதிர்பாராது சந்திக்கின்றனர். பாடசாலையிலே சொல்லாது மறைத்த ஈர்ப்பு அங்கே வெளிப்படுகின்றது.

இவ்விடத்தில் ஓர் ஐயம் எழுகின்றது. பாடசாலையின் வறுமையைப் பதிவுசெய்ய வந்த படக்கருவிக்கு இரவு விடுதியிலே என்ன வேலை? வகுப்பறையில் அது சாட்சியாக நின்றது. விடுதியிலோ காதலை ஒளிந்து நோக்கும் கண்ணாகிவிடுகின்றது. தரைவிரிப்பு ஏன் இல்லை என்ற வினா, இவ்விருவரும் இணைவரா என்ற வினாவுக்கு இடங்கொடுத்து ஒதுங்குகின்றது. முன்னையது சமூகத்தை நோக்கியது. பின்னையது அடுத்த வாரமும் எம்மைத் தொலைக்காட்சியின்முன் அமர்த்துவது. வணிகத் தொலைக்காட்சியின் நியதி இங்கு தொழிற்படுகின்றது என்பதை மறுத்தற்கில்லை.

ஆயினும், இவ்வளவில் தீர்ப்புக் கூறுதல் நேர்மையாகாது. ஜனீன் தன்னை முற்றாகப் பாடசாலைக்கு ஒப்புக்கொடுத்தவள். முதலாம் பருவத்தின் இறுதியிலே, நெடுங்காலக் காதலனைப் பிரிந்து தனித்தவள். அரசு செய்யத் தவறியதைத் தன் உழைப்பால் நிரப்ப முனையும் அவளது தியாகத்தைப் போற்றிக்கொண்டே இருப்பின், அத்தியாகத்தை அவசியமாக்கிய அமைப்பையும் நாம் ஏற்றவர்களாவோம். அவளுக்கும் ஓர் இரவு உண்டு, ஆசை உண்டு, தடுமாற்றம் உண்டு எனக் காட்டுவது ஆசிரியத் தெய்வப் படிமத்தை உடைக்கின்றது. ஓய்வு என்பது உழைப்பவரின் உரிமை. அதற்கு அவர் நியாயங் கூறவேண்டியதில்லை.

இவ்வங்கத்தின் வலுவும் குறையும் ஒரே இடத்திலே பிறக்கின்றன. ஆசிரியரை மனிதராக்கும் அதே கணத்தில், அவரைப் பிழிந்தெடுக்கும் நிலைமைகளை அது பாடசாலைக் கதவுக்குப் பின்னே பூட்டிவைக்கின்றது. களைப்போடு விடுமுறையை அடையும் ஓர் ஆசிரியையின் மகிழ்ச்சிக்குள் அக்களைப்பின் காரணமும் தெரிந்திருக்குமாயின், சிரிப்பு இன்னும் ஆழம் பெற்றிருக்கும். அதே பருவத்தின் பிற்பகுதியிலே, தனியார் நிருவகிக்கும் ‘சார்ட்டர்’ பாடசாலை அமைப்பொன்று அபற் பாடசாலையைத் தன்வசமாக்க முயல்வதைத் தொடர் எடுத்துக்கொண்டது. சமூக வினாவை அது கைவிடவில்லை என்பதற்கு இது சான்று. விடுமுறை இரவில் அவ்வினாவும் விடுமுறை பெற்றது என்பதே எமது குறை. விடுமுறை முடிந்து ஜனீன் திரும்பும்போது, அதே வகுப்பறைதான் அவளுக்காகக் காத்திருக்கும்.