ஊமத்தையைப் பார்க்கப் பழகுங்கள்

கண்டிக்குப் பூப் பார்க்க வருகிறவர்கள் நேரே பேராதனைக்குப் போய், ஓர்க்கிட் கூடத்தில் நின்று படம் பிடித்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். 1821இல் தொடங்கிய தோட்டம் அது, அதைக் குறை சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. ஆனால் அங்கே போகிற வழியில், தண்டவாளத்து ஓரத்திலும், வீடு இடித்துக் கொட்டிய மண்மேட்டிலும், கெட்டம்பைப் பக்கம் மகாவலிக் கரையிலும் நிற்கிற ஊமத்தையை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. பார்ப்பவர்களும் இரண்டு கட்சி. "ஐயோ, விஷம்!" என்று பிள்ளையின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஓடுபவர்கள் ஒரு கட்சி. "பேயாவது மந்திரமாவது" என்று உதட்டைப் பிதுக்கிக்கொண்டு நடப்பவர்கள் மறு கட்சி. இரண்டு கட்சி மேலும் எனக்கு ஆற்றாமை உண்டு. இந்த மலைநாட்டில் இத்தனை கதையைத் தலையில் சுமந்து நிற்கிற இன்னொரு காட்டுச்செடியை எனக்குக் காட்டுங்கள் பார்ப்போம்.

முதலில் அடிப்படை. சிங்களத்தில் அத்தன. லின்னேயஸ் 1753இல் வைத்த பெயர் தத்தூரா மெட்டல். கத்தரி, மிளகாய், தக்காளி, புகையிலை எல்லாம் இதன் சொந்தக்காரர்கள். வேர் முதல் விதை வரை ஸ்கோபொலமின், ஹையோசயமின், அத்ரோபின் என்ற நச்சுப் பொருட்கள் இருக்கின்றன. அவற்றின் அளவு செடிக்குச் செடி, இலைக்கு இலை மாறும், ஆகவே "கொஞ்சமாகத் தின்றால் ஒன்றும் செய்யாது" என்ற பேச்சுக்கே இடமில்லை. வெள்ளை ஊமத்தை உண்டு, தண்டும் பூவின் வெளிப்புறமும் ஊதாவாக இருக்கிற கருஊமத்தை உண்டு. மந்திரத்துக்குக் கருஊமத்தைதான் வலுவானது என்பார்கள், தாவரவியலுக்கு இரண்டும் ஒரே இனம். இவ்வளவு தெரிந்தால் போதும், செடியிடம் போகலாம்.

பகலில் போகாதீர்கள். பகல் ஊமத்தை வாடிய துணி. அந்திமந்தாரை நான்கு மணிக்கு விரிவதைப் பார்த்துக் கண்டி இராச்சியத்து மக்கள் நேரம் சொன்னதாக ரொபட் நொக்ஸ் 1681இல் வெளியான தன் நூலில் எழுதியிருக்கிறார். ஊமத்தையின் வேளை அதற்கும் பிந்தியது. சூரியன் ஹந்தானைக்குப் பின்னால் இறங்கி, வெளிச்சம் சாம்பல் நிறமாகும்போது செடிக்கு எதிரே குந்துங்கள். மொட்டு மடக்கிய குடையைப் போல முறுக்கிக்கொண்டு நிற்கும். முறுக்கு மெல்லத் தளரும். பிறகு மடிப்பு ஒன்று விடுபடும், மற்றவை அதைத் தொடரும். பொறுமையாக இருந்தால் அசைவு கண்ணுக்கே தெரியும். வாசனை அதற்குப் பிறகுதான் வரும், இனிப்பான, கொஞ்சம் கனத்த வாசனை. அதே செடியின் இலையைக் கசக்கினால் வருவது குமட்டுகிற நாற்றம். இருட்டில் பெரிய அந்துப்பூச்சி ஒன்று நீண்ட உறிஞ்சுகுழலோடு வந்து பூவின் முன்னால் அந்தரத்தில் நின்றாலும் நிற்கும். அடுத்த நாள் வெயில் ஏறும்போது அந்தப் பூவின் ஆயுள் முடிந்திருக்கும். ஊர் உறங்கப் போகும்போது விழிக்கிற வெள்ளைப் பூவைப் பற்றிக் கதை பிறக்காமல் இருந்திருந்தால்தான் ஆச்சரியம்.

இனி நான் சொல்ல வந்த விஷயம். ஊமத்தைக் கதையை யார் சொன்னாலும் நீங்கள் முதலில் கேட்க வேண்டிய கேள்வி: பூ நிமிர்ந்ததா, தொங்குவதா?

சிரிக்காதீர்கள். புசல்லாவை தாண்டி, றம்பொடை வழியாக நுவரெலியாவுக்கு ஏறும்போது வேலியோரங்களில் ஆள் உயரத்துக்கு மேல் வளர்ந்த மரச்செடி ஒன்றில், முழ நீளத்துக்குக் கிட்ட வெள்ளையும் இளஞ்சிவப்புமாகப் பூக்கள் தலைகீழாகத் தொங்கும். சுற்றுலா போகிறவர்கள் அதன் கீழே நின்று படம் எடுத்து "ஊமத்தம்பூவுடன்" என்று போடுகிறார்கள். அது ஊமத்தை இல்லை. புருக்மான்சியா என்ற வேறு சாதி, தென் அமெரிக்காவிலிருந்து அழகுக்காகக் கொண்டுவந்தது. நம்முடையது இடுப்பளவு வளரும் செடி, அது மரம். நம்முடைய பூ ஓர் இரவுக்கு, அது நாட்கணக்கில் நிற்கும். நம்முடைய காய் உருண்டை, மேலெல்லாம் முள். அதன் காய் நீளம், முள்ளே கிடையாது. இன்னொன்றையும் கவனியுங்கள், புதியவர்கள் இங்கேதான் குழம்புகிறார்கள்: நம் ஊமத்தையின் பூ நிமிரும், காயோ குனியும். ஆகவே காயைப் பார்த்துவிட்டு "இதுவும் தொங்குகிறதே" என்று என்னிடம் வராதீர்கள். பூவைப் பாருங்கள், பூவை மட்டும்.

இது தாவரவியல் வகுப்பு இல்லை, கதை வகுப்புதான். இரண்டிலும் இருப்பது கிட்டத்தட்ட ஒரே நஞ்சு. ஆனால் அவற்றைப் பற்றிய பயம் ஒன்றல்ல. நிமிர்ந்த பூவின் பயம் கையால் வருவது. தொங்கும் பூவின் பயம் காற்றால் வருவது. பல வருடங்களாகக் கதை கேட்டு நான் கண்டுகொண்டது இது.

நிமிர்ந்த பூவை எடுத்துக்கொள்ளுங்கள். அதைப் பற்றிய கதை எல்லாவற்றிலும் யாரோ ஒருவர் இன்னொருவருக்கு எதையோ கொடுக்கிறார். "என்னத்தைத் தின்னக் குடுத்தாளோ, மனுசன் அவ பின்னாலேயே சுத்துறான்" என்று தோட்டத்து லயங்களில் கதைப்பார்களே, அந்த இடுமருந்துக் கதையில் சோறு இருக்கும், கை இருக்கும், விதையை அரைத்த அம்மி இருக்கும். வழியில் சேர்ந்துகொண்ட நல்ல மனுசன் பலகாரம் தந்தான், விழித்துப் பார்த்தால் பையைக் காணோம் என்ற பயணக் கதையும் இதே வம்சம். கோவாவில் 1563இல் அச்சான கார்சியா த ஒர்த்தாவின் மருந்து நூலிலும் திருடர்கள் சாப்பாட்டில் ஊமத்தையைக் கலந்துகொடுத்துக் கொள்ளையடிப்பது வருகிறது. கொள்ளை போனவர் அழுவதில்லை, சிரிக்கிறார். நானூறு வருடத்துக்கு மேலாக இந்தக் கதையின் எலும்பு மாறவில்லை.

மாறாததற்குக் காரணம் உண்டு. சமையலறையில் ஒரு காய்ந்த மிளகாயைப் பிளந்து விதையைப் பாருங்கள். பிறகு ஊமத்தை விதையின் படத்தை அருகில் வைத்துப் பாருங்கள். தட்டையாக, வளைந்து, ஒரே குடும்பத்துச் சாயல். மிளகாய் விதை மெல்லியது, வெளிறிய மஞ்சள், வழவழப்பானது. ஊமத்தை விதை தடிப்பானது, பழுப்பேறியது, மேலே சின்னச் சின்னக் குழிகள், விளிம்பு இரட்டை வரப்புப் போட்டது. இந்த வேறுபாட்டைத் தடயவியல் மருத்துவ நூல்கள் அட்டவணை போட்டே மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கின்றன. மிளகாய் இல்லாமல் அடுப்பு மூட்டாத நாட்டில், மிளகாய் விதையைப் போலவே ஒரு நஞ்சு! கறிச்சட்டியில் ஒளிந்துகொள்ளத் தெரிந்த பூவுக்குக் கையைச் சந்தேகிக்கிற கதைதானே பொருந்தும்?

தொங்கும் பூவுக்கு வாருங்கள். அதற்குச் சோறும் வேண்டாம், எதிரியும் வேண்டாம். அண்டீஸ் மலை மக்கள் அந்த மரத்தின் அடியில் படுத்துத் தூங்கினால் சித்தம் கலங்கும் என்று நம்பினார்கள். நுவரெலியாப் பக்கத்திலும் "கீழே நிக்காதே, தலை சுத்தும்" என்று சொல்லக் கேட்டிருக்கிறேன். தலைக்கு மேலே கவிழ்ந்து, இரவு முழுக்க வாசனையை இறக்குகிற பூ அது. பயம் மேலேயிருந்து இறங்குகிறது. அங்கே குற்றவாளி பூதான், மனிதன் இல்லை.

இதைத் தெரிந்துகொண்டால் ஒரு கதை எந்த மண்ணில் விளைந்தது என்று நீங்களே சொல்லிவிடலாம். யாரோ ஒரு துண்டுக் காகிதத்தை நீட்டினான், முகர்ந்தவர் அவன் சொன்னபடியெல்லாம் ஆடினார், வங்கிப் பணத்தை எடுத்துக் கொடுத்துவிட்டார் என்று கைபேசிக்குக் கைபேசி தாவுகிற செய்தி உங்களுக்கும் வந்திருக்கும். அது கொலம்பியாவின் தொங்கும் பூக் கதை, காற்றுப் பயம். அதைக் கண்டி பஸ் நிலையத்தில் நடந்ததாக மாற்றி அனுப்புகிறவர்களுக்கு நம்மூர்ப் பயம்கூடச் சரியாகத் தெரியாது என்பதுதான் என் வருத்தம். பயத்தையும் இறக்குமதி செய்கிறார்கள்.

தொங்கும் பூவின் மீது எனக்கு வெறுப்பு என்று எண்ண வேண்டாம். அதன் பிறந்த ஊரில் அது காட்டுச்செடியாக இனி இல்லை. புருக்மான்சியாவின் ஏழு இனங்களும் இயற்கை வாழிடத்தில் அற்றுப்போனவை என்று உலக இயற்கைப் பாதுகாப்புச் சங்கத்தின் சிவப்புப் பட்டியல் சொல்கிறது. மனிதர் நட்ட வேலிகளில்தான் அதற்கு வாழ்வு. அந்தத் துயரத்தை அறிந்து அதன் கீழே நில்லுங்கள், வேண்டாமென்று சொல்லவில்லை. ஊமத்தை என்று மட்டும் கூப்பிடாதீர்கள்.

நிமிர்ந்த பூவுக்கு இன்னொரு பெருமையும் இருக்கிறது, அதைச் சாமியின் தலையில் வைக்கலாம். 7ஆம் நூற்றாண்டுத் தேவாரத்தில் சிவனின் சடையில் பிறையோடும் கொன்றையோடும் மத்தம் இருக்கிறது. மத்தம் என்பது ஊமத்தைதான். இதில் ஒரு பெரிய வியப்பும் உண்டு. தத்தூரா சாதியின் பிறப்பிடம் அமெரிக்கா என்கிறார்கள் தாவரவியலார். கொலம்பஸ் கப்பலேறியது 1492இல். அதற்கு எட்டு நூற்றாண்டுக்கு முன்னாலேயே அது எப்படிச் சிவன் தலைக்கு ஏறியது? பழைய இலக்கியங்களையும் சிற்பங்களையும் வைத்து 2007இல் வெளியான ஓர் ஆய்வுக் கட்டுரை, முதல் ஆயிரமாண்டிலேயே அது ஆசியாவுக்கு வந்துவிட்டது என்று வாதிட்டது. எந்த அலையில், எந்தப் பறவையில், எந்தப் படகில் என்பதற்கு யாரிடமும் விடையில்லை. மந்திரப் பூ என்றால் இதைவிட வேறென்ன வேண்டும்? இருந்தும் நாட்டார் வழக்காறு பற்றிக் கருத்தரங்குகளில் கட்டுரை வாசிப்பவர்கள் ஊமத்தையைக் கண்டதும் "இது விளிம்புநிலையின் குறியீடு" என்று ஒரு வரியில் மூடிவிடுகிறார்கள். செடியை ஒரு மாலையாவது நேரில் பார்த்தவர் அப்படி எழுத மாட்டார்.

நெருங்கி வாருங்கள், சத்தமாகச் சொல்ல விரும்பாத ஒன்றைச் சொல்கிறேன். எனக்கு மாந்திரீகத்தில் நம்பிக்கை கிடையாது. ஆனால் மாந்திரீகர்களின் கவனிப்பில் பெரிய மரியாதை உண்டு. மாந்திரீகக் கிரியைகளான அட்டகர்மங்களில் மாரணம் என்பது கொல்வது, மோகனம் என்பது மயக்குவது. அவர்களின் மூலிகைப் பட்டியல்களில் பொன்னூமத்தை, வெண்ணூமத்தை, மருளூமத்தை என்று ஊமத்தை வகைகள் வரிசையாக வருவது மோகனத்தின் கீழே. உயிரைக் குடிக்கக்கூடிய செடிதான், ஆனால் அதன் தனிக்குணம் சித்தத்தைப் பிடிப்பது என்று பார்த்து வைத்திருக்கிறார்கள். ஊமத்தை தின்றவருக்கு வாய் உலரும், தோல் சிவந்து சுடும், கண்மணி விரிந்து வெளிச்சம் கூசும். பிறகு அவர் இல்லாத ஆட்களோடு பேசுவார். விரல்கள் காற்றில் எதையோ பிடுங்கும், போர்வையிலிருந்து இல்லாத நூலை இழுக்கும். தெளிந்தபின் ஒன்றும் நினைவிருக்காது. அந்த விரல்களை ஒருமுறை கண்ட குடும்பம் பேய் என்று சொல்லாமல் வேறென்ன சொல்லியிருக்கும்? கண்ணில் பார்த்ததைத்தான் அவர்கள் தங்களிடமிருந்த சொற்களில் சொன்னார்கள். இதை மூடநம்பிக்கை என்று தள்ளுவது சோம்பேறித்தனம். இதையே "சித்தர் இரகசியம்" என்று யூடியூபில் விற்பது அதைவிடக் கேவலம், ஆபத்தும் கூட.

ஆபத்து என்றதால் சொல்லிவிடுகிறேன். வெறிநாய் கடித்தவருக்கு ஊமத்தை கொடுப்பது நம் பழைய வைத்தியத்தில் இருந்தது. பைத்தியத்தைப் பைத்தியத்தால் விரட்டுகிற அந்த எண்ணத்தைக் கதையாக ரசியுங்கள், கடிபட்டால் சோப்புப் போட்டு நன்றாகக் கழுவிவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போய்த் தடுப்பூசி போடுங்கள். இழுப்புக்கு இலையைச் சுருட்டிப் புகைப்பதும் அப்படித்தான், கதையோடு நிற்கட்டும். சித்த வைத்தியத்தில் ஊமத்தை இலைச் சாறும் தேங்காய் எண்ணெயும் துருசும் சேர்த்துக் காய்ச்சும் மத்தன் தைலம் புண்ணுக்கு வெளிப்பூச்சு, அழகான பச்சை நிறம். அதுவும் படித்த வைத்தியர் கையால்தான். யாராவது தின்றுவிட்டால் மோர், புளி, மந்திரம் என்று நேரத்தைப் போக்காமல் 1990க்கு அழைத்து சுவசெரிய அம்புலன்ஸைக் கூப்பிடுங்கள்.

செடியைத் தொட்ட கையால் கண்ணைத் தேய்க்காதீர்கள். ஒரு கண்ணின் மணி மட்டும் விரிந்து, மற்றது சின்னதாகவே இருக்கும். ஒரு கண் பெரிதாகிப்போனவரை இரவில் எதிரே கண்டு யார் யார் ஓடினார்களோ, அதிலிருந்து எத்தனை கதை முளைத்ததோ.

ஆவணி மாதத்து விநாயகர் சதுர்த்திக்கு இருபத்தொரு வகை இலைகளால் அர்ச்சனை செய்வது மரபு. அந்த இருபத்தொன்றில் ஊமத்தையும் ஒன்று. கட்டுக்கலைப் பிள்ளையார் கோயிலுக்கோ உங்கள் தோட்டத்துக் கோயிலுக்கோ போகும்போது, இலை பறித்துப் பழகிய பெரியவர் யாராவது இருந்தால் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். "இது ஆகாத செடியாச்சே, சாமிக்கு மட்டும் எப்படி ஐயா?" என்று தொடங்குங்கள். அவர் கதை சொல்ல ஆரம்பிப்பார். இடையில் நிறுத்தாதீர்கள், திருத்தாதீர்கள். சொல்லி முடித்தபின் அந்தக் கேள்வியைக் கேளுங்கள்: நீங்கள் சொல்கிற பூ நிமிர்ந்ததா, தொங்குவதா?