உவவனத்துப் பளிக்கறையும் கைக்கடிகாரத்துப் படிகமும்

"ஐயா, மணிமேகலையில் காலத்தைக் கட்டுப்படுத்தும் பளிங்கு மண்டபம் வருகிறதாமே! அப்படியானால் குவார்ட்ஸ் கடிகாரத்தின் தத்துவம் நம் முன்னோருக்குத் தெரியும் என்றுதானே பொருள்?"

இயற்பியல் வகுப்பில் மாணவர் ஒருவர் இப்படிக் கேட்டார். ஏதோ ஒரு மேடைப் பேச்சில் கேட்ட செய்தியாம். வகுப்பில் பாதிப் பேர் கை தட்டினார்கள். மீதிப் பேர் சிரித்தார்கள். கை தட்டியவர்களும் சிரித்தவர்களும் அந்தக் காதையைப் படித்ததில்லை. ஆகவே நூலையே எடுத்துப் பார்ப்போம்.

கோவலனுக்கு நேர்ந்ததைக் கேட்டு அழுத மணிமேகலையின் கண்ணீர் பட்டு, அவள் தொடுத்த மாலை பாழாகிறது. புதுப் பூப் பறித்துவரத் தாய் மாதவி அனுப்புகிறாள். துணைக்கு வந்த சுதமதி, புகார் நகரத்து உவவனத்தைப் பற்றிச் சொல்கிறாள். அங்கே ஒரு பளிக்கறை உண்டு. உள்ளே இருப்பவர் உருவம் வெளியே தெரியும். குரல் வெளியே வராது. அதனுள் ஒளிவீசும் தாமரைப் பீடிகை ஒன்று உண்டு. அதில் அரும்பை வைத்தால் மலரும், மலர்ந்த பூ பல்லாண்டு கழிந்தாலும் வாடாது, வண்டும் மொய்க்காது. சீத்தலைச் சாத்தனார் மூன்றாம் காதையில் கூறும் செய்தி இது. இன்று பளிங்கு என்றால் சலவைக்கல் நினைவுக்கு வரும். பழந்தமிழில் அது ஒளி ஊடுருவும் படிகத்தைக் குறிக்கும்.

முதலில் சுவரைச் சோதிப்போம். குவார்ட்ஸ் படிகத்தின் ஒளிவிலகல் எண் சுமார் 1.54. நேராக விழும் ஒளியில் ஒரு பரப்பில் ஏறத்தாழ 4.5 விழுக்காடுதான் திரும்பும். இரு பரப்புகளையும் கடந்து 90 விழுக்காட்டுக்கு மேல் வெளியே வந்துவிடும். ஒலியின் கதை வேறு. காற்றையும் படிகத்தையும் ஒப்பிட்டால் அடர்த்தியிலும் ஒலியின் வேகத்திலும் பெரும் வேறுபாடு இருப்பதால், காற்றிலிருந்து படிகத்துள் நுழையும் ஒலியாற்றல் ஏறத்தாழ 10,000-இல் ஒரு பங்குதான். சுவர் தடிப்பாகவும் இடுக்கின்றியும் இருந்தால் உருவம் தெரியும், குரல் கேட்காது. ஆக, கவிஞர் கற்பனை செய்த சுவர் இயற்பியலுக்கு முரணானதன்று. இதற்காக அவரைப் பாராட்டலாம்.

இனி பீடிகைக்கு வருவோம். அரும்பு மலர்வது எதனால்? இதழ்களின் உயிரணுக்கள் நீரை ஏற்று விரிவதால். வாடுவது எதனால்? அதே உயிரணுக்கள் சுவாசித்து, சேமிப்பைச் செலவழித்து, நீரை இழப்பதால். வெப்பநிலையை 10 பாகை குறைத்தால் இவ்வேதிவினைகளின் வேகம் பெரும்பாலும் பாதியாகிவிடும். பூ வியாபாரிகள் பூவைக் குளிரில் வைப்பதும் இதற்காகவே. ஆனால் குளிர், வாடுவதை மட்டுமன்றி மலர்வதையும் தாமதப்படுத்தும். காலம் நின்றுவிட்டால் அரும்பு எப்படி மலரும்? காலம் ஓடினால் மலர்ந்தது எப்படி வாடாதிருக்கும்? ஒன்றை ஓடவிட்டு மற்றதை நிறுத்தும் படிகம் எதுவும் கிடையாது.

அப்படியானால் சாத்தனார் தவறு செய்தாரா? இங்கேதான் மேடைப் பேச்சாளர் ஒரு பகுதியை விட்டுவிட்டார். ஒரு தெய்வத்தை எண்ணிப் பீடிகையில் பூ இட்டால், அது அத்தெய்வத்தின் அடியைச் சேரும். எண்ணாமல் இட்டால் அங்கேயே கிடக்கும். எண்ணமில்லாத செயலுக்கும் பயன் உண்டு என்போர் ஒருபுறம். எண்ணம் இல்லையேல் பயன் இல்லை என்போர் மறுபுறம். இந்த வாதத்தில் பின்னவர் கொள்கையைக் காட்டவே மயன் இதைச் செய்தான் என்று நூலே சொல்கிறது. அதாவது, இது ஒரு செய்முறை விளக்கம்! பூ வாடாமலும் வண்டு மொய்க்காமலும் இருப்பது ஏன் என்பதும் இப்போது விளங்கும். பூ அங்கே இருக்கிறதா, போய்விட்டதா என்ற ஒரே கேள்விக்கு விடை காண வேண்டும். அதற்கு இடையூறான மற்றவற்றையெல்லாம் கவிஞர் விலக்கிவிட்டார். நம் ஆய்வுக்கூடத்திலும் ஒரு காரணியைச் சோதிக்கும்போது மற்றவற்றை மாறாமல் வைத்துக்கொள்கிறோம் அல்லவா? மணிமேகலையில் அறிவியல் மனப்பாங்கைத் தேடுவோர் இங்கே தேடட்டும்.

கைக்கடிகாரத்துப் படிகம் வேறு வகை. படிகத்தை அழுத்தினால் மின்னூட்டம் தோன்றும் என்று 1880-இல் கியூரி சகோதரர்கள் கண்டனர். மின்னழுத்தம் கொடுத்தால் படிகம் உருமாறும் என்பதும் உண்மை. இதைக் கொண்டு 1927-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வுக்கூடத்தில் வாரன் மாரிசன் குழுவினர் முதல் குவார்ட்ஸ் கடிகாரத்தை அமைத்தனர். 1969-இல் ஜப்பானின் செய்கோ நிறுவனம் குவார்ட்ஸ் கைக்கடிகாரத்தை விற்பனைக்குக் கொண்டுவந்தது. இப்போது பெரும்பாலான கைக்கடிகாரங்களில் உள்ள படிகத் துண்டு வினாடிக்கு 32,768 முறை அதிர்கிறது. அதை இரண்டால் 15 முறை வகுத்துப் பாருங்கள், ஒன்று வரும். அதுவே வினாடி முள்ளின் ஓர் அடி.

இந்தப் படிகம் காலத்தை ஆள்கிறதா? எங்கள் திருப்புட்குழிப் பக்கம் தறி ஓட்டுபவரைக் கேளுங்கள். ஒரே சீராக நாடா ஓடினால், எத்தனை ஓட்டம் என்று எண்ணிப் பொழுதைச் சொல்லிவிடலாம். எண்ணுவதால் பொழுது நிற்பதில்லை. படிகமும் எண்ணிக்கைக்கு உதவும் ஒரு நாடாதான். அதற்கு உயிர் இல்லை. மின்கலம் தீர்ந்தால் அதிர்வும் நின்றுவிடும். குளிரிலும் வெயிலிலும் சற்றே பிழைக்கும்.

எங்கள் ஊர்ப் பெருமாள் கோயிலில், வறுத்த பயறு முளைத்தால் பிள்ளைப்பேறு கிட்டும் என்பது நம்பிக்கை. அது ஒரு வேண்டுதல். அதைத் தாவரவியல் பாடத்தில் சேர்க்கும்படி யாரும் கேட்பதில்லை. பளிக்கறைக்கும் அந்த மரியாதையைக் கொடுப்போம். அதைக் கடிகாரம் ஆக்கினால் மாணவர் இரண்டை இழக்கிறார். கியூரி சகோதரர்களின் உழைப்பு அவருக்குப் பெரிதாகத் தோன்றாது. சாத்தனாரின் வாதம் கண்ணிலேயே படாது.

கேள்வி கேட்ட மாணவரிடம் அந்த இரு காதைகளையும் படித்துவரச் சொல்லியிருக்கிறேன். கை தட்டுவதையும் சிரிப்பதையும் படித்த பிறகு வைத்துக்கொள்ளலாம்.