உயர்கல்வியும் சந்தைச் சிந்தனையும்: செங்கல்பட்டு – மாமல்லபுரம் பகுதியை முன்வைத்து

அரசு தன் செலவைக் குறைத்துக்கொள்ள வேண்டும், பொதுச் சேவைகளைத் தனியாரிடம் விட வேண்டும், எந்தப் பொருளின் மதிப்பையும் சந்தை விலையே தீர்மானிக்கட்டும் என்பதே நவதாராளமயக் கொள்கையின் சாரம். கல்விக்கு இதைப் பொருத்தினால் மாணவர் வாடிக்கையாளர் ஆகிறார், பட்டம் சரக்காகிறது, ஆசிரியர் செலவுக் கணக்கில் ஒரு வரியாகிறார். இக்கொள்கையை எதிர்ப்பவர்கள் பெரும்பாலும் கட்டண உயர்வைப் பற்றியே பேசுகிறார்கள். கட்டணம் அதன் ஒரு பக்கம் மட்டுமே. சந்தை திறமையை விலை கொடுத்து வாங்கும்; அந்தத் திறமையை உருவாக்கும் செலவை ஏற்காது. இந்த வேறுபாட்டைச் செங்கல்பட்டு மாவட்டத்தில் கண்ணாலேயே காணலாம்.

இரண்டு சாலைகள்

2019 நவம்பரில் காஞ்சிபுரத்திலிருந்து பிரிந்து உருவான இம்மாவட்டத்தில் கல்லூரிகள் இரண்டு சாலைகளை ஒட்டி வளர்ந்துள்ளன. ஒன்று ஜி.எஸ்.டி. சாலை, மற்றது பழைய மாமல்லபுரம் சாலை. செங்கல்பட்டு நகரின் அரசு மருத்துவக் கல்லூரி 1965-இலும், இராஜேஸ்வரி வேதாசலம் அரசு கலைக் கல்லூரி 1970-இலும் தொடங்கப்பட்டவை. அதன்பின் காட்சி மாறுகிறது. 1985-இல் காட்டாங்குளத்தூரில் எஸ்.ஆர்.எம்., படூரில் இந்துஸ்தான் பொறியியல் கல்லூரிகள் வந்தன. 1996-இல் தொடங்கிய எஸ்.எஸ்.என். கல்லூரி களவாக்கத்தில் உள்ளது. 2010-இல் கேளம்பாக்கம் அருகே வி.ஐ.டி.யின் சென்னை வளாகம் திறக்கப்பட்டது. களவாக்கத்தின் சிவ நாடார் பல்கலைக்கழகத்துக்கும் பையனூரின் சாய் பல்கலைக்கழகத்துக்கும் 2018-இல் சட்டமன்றம் தனித்தனிச் சட்டங்கள் இயற்றியது.

இந்த ஆண்டுகளை வரிசைப்படுத்தினால், 1985-ஐ ஒட்டி ஒரு கோடு விழுவது தெரியும். அதற்கு முன் முன்முயற்சி அரசுடையது, பின் தனியாருடையது. சுயநிதிப் பொறியியல் கல்லூரிகளுக்கு எம்.ஜி.ஆர். அரசு கதவைத் திறந்துவிட்ட காலம் அது. 1991-ஆம் ஆண்டின் பொருளாதாரச் சீர்திருத்தத்துக்கு முன்பே தமிழ்நாட்டில் இது நடந்துவிட்டது என்பதை மாணவர்கள் கவனிக்க வேண்டும்.

சட்டம் கடந்து வந்த பாதை

நன்கொடைக் கட்டணம் சட்டவிரோதம் என்று 1992-இல் மோகினி ஜெயின் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. 1993-இல் உன்னிகிருஷ்ணன் வழக்கில், தனியார் தொழிற்கல்லூரி இடங்களில் பாதியை அரசுக் கட்டணத்திலும் மீதியைக் கூடுதல் கட்டணத்திலும் நிரப்ப வழிசெய்தது. வசதி உள்ளவர் செலுத்தும் பணம் இல்லாதவருக்கு உதவும் என்ற எண்ணம் அதில் இருந்தது. 2002 அக்டோபரில் டி.எம்.ஏ. பாய் வழக்கில் 11 நீதிபதிகள் அமர்வு அந்த ஏற்பாட்டை நீக்கியது. கல்வி நிறுவனம் நடத்துவதும் அரசியலமைப்பு குறிப்பிடும் ஒரு தொழிலே என்றது. கொள்ளை லாபம் கூடாது, நியாயமான உபரி இருக்கலாம் என்பது நீதிமன்றம் வகுத்த எல்லை. நியாயமான உபரி எங்கே முடிகிறது, லாபம் எங்கே தொடங்குகிறது என்பதில்தான் அன்று முதல் இன்றுவரை சிக்கல்.

கொள்கைத் தளத்திலும் இதே திசைதான். 2000-இல் பிரதமரின் வணிகம், தொழில் குழுவுக்கு அளிக்கப்பட்ட பிர்லா – அம்பானி அறிக்கை, உயர்கல்வியில் பயன்பெறுவோரே செலவை ஏற்க வேண்டும் என்றது. கல்வியைப் பற்றிய அறிக்கையை எழுதியவர்கள் இரு தொழிலதிபர்கள் என்பதே காலத்தின் குணத்தைச் சொல்லும். 2017-இல் மத்திய அரசு கனரா வங்கியுடன் சேர்ந்து உயர்கல்வி நிதி முகமையை அமைத்தது. அரசு நிறுவனங்கள் முன்பு மானியமாகப் பெற்றதன் ஒரு பகுதியை இப்போது கடனாகப் பெறுகின்றன. கடனைத் திருப்ப வருமானம் வேண்டும். வருமானத்துக்குக் கட்டணமே எளிய வழி.

தேர்வு பெருகியதா?

சந்தையின் முதல் வாக்குறுதி, மாணவருக்குத் தேர்ந்தெடுக்கும் உரிமை பெருகும் என்பது. கல்லூரிகள் பெருகியது உண்மை. ஒரு கட்டத்தில் தமிழ்நாட்டில் ஐந்நூறுக்கும் மேற்பட்ட பொறியியல் கல்லூரிகள் இருந்தன. ஆனால் பாடங்களைப் பாருங்கள். சிறப்பாகச் செயல்படும் கல்லூரிகளுக்கு மாணவர் எண்ணிக்கை உச்சவரம்பை அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழு 2024-25 முதல் நீக்கியது. கூடிய இடங்களில் பெரும்பகுதி கணினி அறிவியலுக்கும் அதன் கிளைகளுக்கும் போயிற்று. கட்டடவியலும் இயந்திரவியலும் தேய்கின்றன. நூறு கடைகள் உள்ள தெருவில் எல்லாக் கடையிலும் ஒரே துணி விற்றால், அதைத் தேர்வு என்று சொல்ல முடியுமா? பிளஸ் டூ முடித்த பிள்ளைகள் பல ஆண்டுகளாக என்னிடம் கேட்ட கேள்வியும் ஒன்றே: "சார், எதை எடுத்தா வேலை கெடைக்கும்?" எதைப் படிக்கப் பிடிக்கும் என்று கேட்டவர்கள் சிலரே. பிள்ளைகளைக் குறைசொல்லிப் பயனில்லை. வீட்டை அடகு வைத்துப் படிக்கும் பிள்ளை வேறு எதைக் கேட்க முடியும்?

சந்தையின் இரண்டாவது வாக்குறுதி தரம். அண்ணா பல்கலைக்கழகத்தின் இணைப்புக் கல்லூரிகளில் ஒரே பேராசிரியரின் பெயர் ஒரே சமயத்தில் பல கல்லூரிகளின் பட்டியலில் இருப்பதை 2024 ஜூலையில் அறப்போர் இயக்கம் வெளிக்கொணர்ந்தது. பல்கலைக்கழகம் விசாரணைக் குழு அமைத்தது. ஆசிரியரைச் செலவாக மட்டும் பார்த்தால், அச்செலவைக் குறைக்கும் மிகச் சிக்கனமான வழி ஆசிரியரைக் காகிதத்தில் மட்டும் வைத்திருப்பது. அதைக் கண்டுபிடிக்க வேண்டிய ஆய்வும் காகிதத்தையே பார்த்துவிட்டுப் போனால், வகுப்பறையில் உட்கார்ந்திருக்கும் மாணவரே ஏமாறுகிறார்.

மாமல்லபுரம் தரும் சான்று

பழைய மாமல்லபுரம் சாலையில் தெற்கே வந்துகொண்டே இருந்தால், தனியார் வளாகங்களைக் கடந்து மாமல்லபுரம் வரும். அங்கே அரசு கட்டடக்கலை மற்றும் சிற்பக்கலைக் கல்லூரி இருக்கிறது. 1957-இல் பயிற்சி நிலையமாகத் தொடங்கி, பின்னர் பட்டப்படிப்புகள் வழங்கும் கல்லூரியாக வளர்ந்தது. தொடக்கத்தில் வைத்தியநாத ஸ்தபதியும், அவருக்குப்பின் 1988 வரை அவர் மகன் கணபதி ஸ்தபதியும் அதை நடத்தினர். 2000 சனவரி 1 அன்று கன்னியாகுமரியில் திறக்கப்பட்ட 133 அடி திருவள்ளுவர் சிலையை வடிவமைத்தவர் கணபதி ஸ்தபதியே.

1957-இல் எந்த முதலீட்டாளரும் இப்படியொரு கல்லூரிக்குப் பணம் போட்டிருக்க மாட்டார். கல்லைக் கைக்குப் பழக்க ஆண்டுகள் பிடிக்கும். ஆசிரியர் ஒருவர் சில மாணவரையே அருகிருந்து திருத்த முடியும். வளாக நேர்காணலுக்கு எந்தப் பெருநிறுவனமும் வராது. சிற்பத்தைப் பரம்பரையிடமே விட்டிருந்தால், அது சில குடும்பங்களுக்குள் நின்றிருக்கும். அரசுக் கல்லூரி என்பதால்தான், உளியே காணாத வீட்டுப் பிள்ளையும் விண்ணப்பிக்க முடிகிறது.

இங்கே சந்தை எதிரியும் அல்ல. மாமல்லபுரத் தெருக்களில் உளிச் சத்தம் கேட்பதே சிலைகளை வாங்க ஆள் இருப்பதால்தான். கோயில்கள் வாங்குகின்றன, வெளிநாடுகளுக்கும் சிலைகள் போகின்றன, மாமல்லபுரக் கற்சிற்பத்துக்கு 2017-இல் புவிசார் குறியீடும் கிடைத்தது. ஆனால் சிலையை வாங்குபவர், சிற்பி பயின்ற ஆண்டுகளுக்குப் பணம் தருவதில்லை. அந்த ஆண்டுகளைத் தாங்கியது ஒன்று குடும்பம், மற்றது பொதுப்பணம். மென்பொருள் நிறுவனங்களுக்கும் இது பொருந்தும். பயிற்சி பெற்ற இளைஞரை அவை வாங்குகின்றன. அவரை உருவாக்கிய செலவு பெற்றோரின் கடன் கணக்கில் இருக்கிறது.

எதிர்வாதம்

தனியார் கல்லூரிகள் இல்லாவிட்டால் இத்தனை முதல் தலைமுறைப் பட்டதாரிகள் வந்திருப்பார்களா என்ற கேள்வி நியாயமானது. 2021-22-ஆம் ஆண்டு அகில இந்திய உயர்கல்வி ஆய்வின்படி, உயர்கல்வி மொத்தச் சேர்க்கை விகிதம் தமிழ்நாட்டில் 47 விழுக்காடு. இந்திய அளவில் 28.4. இதில் தனியார் பங்கு பெரிது, மறுக்கக் கூடாது.

ஆனால் அந்தப் பிள்ளைகளைக் கல்லூரிக்குள் கொண்டுபோனது சந்தை மட்டுமல்ல. இட ஒதுக்கீடு, ஒற்றைச் சாளரக் கலந்தாய்வு, 2010-11 முதல் வந்த முதல் பட்டதாரிக் கட்டணச் சலுகை, அரசுப் பள்ளி மாணவருக்கான 7.5 விழுக்காடு ஒதுக்கீடு ஆகிய அனைத்தும் அரசின் ஏற்பாடுகள். இந்த ஒதுக்கீட்டில் தொழிற்கல்விக்குச் சேருவோரின் கட்டணத்தையும் அரசே செலுத்துகிறது. ஆக, தனியார் கல்லூரியிலும் பொதுப்பணம் ஓடுகிறது. அரசு தன் கல்லூரியைக் கட்டினால் கட்டடம், ஆய்வகம், ஆசிரியர் பணியிடம் மூன்றும் மக்கள் சொத்தாக நிற்கும். தனியாருக்கு ஆண்டுதோறும் இடத்துக்கு இவ்வளவு என்று செலுத்தினால், மாணவருக்குப் பட்டம் கிடைக்கும்; சொத்து தனியாரிடம் சேரும். முதலாவது சொந்த வீடு, இரண்டாவது வாடகை.

இனி

2025 அக்டோபரில் தமிழ்நாடு தனியார் பல்கலைக்கழகங்கள் சட்டத் திருத்த மசோதா சட்டமன்றத்தில் நிறைவேறியது. 2019-ஆம் ஆண்டுச் சட்டம் கேட்ட 100 ஏக்கர் நிலத்தை, இடத்துக்கு ஏற்ப 25, 35, 50 ஏக்கர் என அது குறைத்தது. இயங்கிவரும் கல்லூரிகள் தனியார் பல்கலைக்கழகமாக மாறவும் வழிவிட்டது. இட ஒதுக்கீடு என்னாகும், உதவிபெறும் கல்லூரிகளின் பணியிடங்கள் என்னாகும், கட்டணத்தை யார் முடிவுசெய்வார் என்று ஆசிரியர் அமைப்புகளும் கட்சிகளும் கேட்டன. எதிர்ப்புக்குப்பின் அரசு மறுபரிசீலனைக்கு இணங்கியது. மக்கள் கேள்வி கேட்டால் அரசு நின்று பார்க்கும் என்பதற்கு இது அண்மைச் சான்று.

கல்லூரி சேரப்போகும் மாணவர் விளம்பரத்தில் இல்லாத மூன்றைக் கேட்டறிய வேண்டும்: நிரந்தர ஆசிரியர் எத்தனை பேர், முழுப் படிப்புக்கும் ஆகும் மொத்தச் செலவு எவ்வளவு, எந்தப் பாடப்பிரிவுகள் அண்மையில் மூடப்பட்டன. வாக்காளர் கேட்க வேண்டியது ஒன்று: என் மாவட்டத்தில் அரசு கடைசியாக எந்த ஆண்டில் ஒரு கல்லூரி தொடங்கியது, அதில் இன்று எத்தனை பணியிடங்கள் காலி?