சாதி இடைநிலைக் காரியமா? லுத்தரன் விசுவாச அறிக்கைகளின் வாசிப்பைக் குறித்து ஒரு மதிப்பீடு

புவனகிரியில் வெள்ளாற்றங்கரையில் நிற்பவருக்குத் தெற்கே சிதம்பரமும், வடக்கே கடலூரும், கடலூருக்கு மேற்கே மேல்பட்டாம்பாக்கமும் அண்மையிலேயே உள்ளன. இச்சிறு நிலப்பரப்பிற்குள் லுத்தரன் பணி இரு மரபுகளாக வளர்ந்துள்ளது. ஒன்று லைப்சிக் மிஷனின் வழிவந்து, 1919-ல் தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபையாக அமைந்தது. மற்றொன்று, மேல்பட்டாம்பாக்கத்தில் கார்ல் ஒக்ஸ் நிறுவிய பெத்தானியில் தொடங்கி, டேனிஷ் மிஷனால் பேணப்பெற்று, ஆற்காடு லுத்தரன் திருச்சபையாக வளர்ந்தது. இரண்டும் 1530-ன் அவுக்ஸ்பர்க் விசுவாச அறிக்கையைத் தம் அறிக்கையாக ஏற்பவை. அங்ஙனமாயின் ஒரே அறிக்கையை உடையோர் இரண்டாகப் பிரிந்தது எதனால்? நற்கருணையைப் பற்றிய உபதேசத்தாலன்று. நீதிமானாக்கப்படுதலைப் பற்றிய கருத்து வேற்றுமையாலுமன்று. சாதியினாலே பிரிந்தனர்.

விசுவாச அறிக்கைகளை நாம் பயிலும்போதும் பயிற்றும்போதும் இவ்வுண்மை பெரும்பாலும் இடம்பெறுவதில்லை. அறிக்கைகளின் வரலாறு ஜெர்மனியில் தொடங்கி ஜெர்மனியிலேயே முடிந்துவிடுகின்றது. இக்குறை சிறியதன்று என்பதை எடுத்துக்காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

அறிக்கை என்பது ஒரு செயல்

1530 ஜூன் 25 அன்று பேரரசர் ஐந்தாம் சார்லஸ் முன்னிலையில் அவுக்ஸ்பர்க் அறிக்கை வாசிக்கப்பட்டது. எழுதியவர் மெலாங்க்தன். பேரரசின் தண்டனைக்கு உட்பட்டிருந்த லுத்தர் அங்கே வர இயலாமல் கோபுர்க் கோட்டையில் தங்கியிருந்தார். அறிக்கையில் கையொப்பமிட்டவர்கள் இறையியலார் அல்லர். சிற்றரசர்களும் நகரங்களின் பிரதிநிதிகளும் ஆவர். தங்கள் நாட்டையும் பதவியையும் இழக்க நேரிடலாம் என்பதை அறிந்தே அவர்கள் கையொப்பமிட்டனர். ஆகவே அறிக்கை என்பது முதலாவது ஒரு நூலன்று. விலை கொடுக்க வேண்டிய இடத்தில் நின்று வாய்திறந்து சொல்லும் செயலே அறிக்கை. நூல் அச்செயலின் பதிவு.

இச்செயல் தன்மையை மிகத் தெளிவாகக் காட்டுவது 1577-ன் ஒற்றுமைச் சூத்திரத்தின் பத்தாம் பிரிவு. 1548-ல் பேரரசர் தோல்வியுற்ற சுவிசேஷ நாடுகளின்மேல் பழைய சடங்குகள் பலவற்றைச் சுமத்தினார். அவற்றுள் சில வேதத்தால் கட்டளையிடப்படாதவை, விலக்கப்படாதவை. இத்தகையவற்றை 'அடியாஃபொரா', அதாவது இடைநிலைக் காரியங்கள், என்பர். சமாதானத்தின் பொருட்டு இவற்றை ஏற்கலாம் என்றார் மெலாங்க்தன். மக்தபுர்க் நகரிலிருந்து ஃப்ளாசியுஸ் அதனை மறுத்தார். சுவிசேஷமே தாக்கப்படும் வேளையில், வேறு காலத்தில் இடைநிலையாயிருந்த காரியமும் இடைநிலையாயிராது என்பது அவர் வாதம். முப்பது ஆண்டுகளுக்குப் பின் சூத்திரம் சாராம்சத்தில் ஃப்ளாசியுஸின் பக்கமே தீர்ப்பளித்தது. அத்தீர்ப்பிற்கு ஆதாரமாக அமைந்தது கலாத்தியர் இரண்டாம் அதிகாரம்.

பத்தாம் பிரிவு தமிழகத்தில்

1850-ல் சென்னை மிஷனெரி மாநாடு சாதியைச் சபையினின்று அகற்ற வேண்டும் என்று தீர்மானித்தபோது லைப்சிக் மிஷன் அதில் சேரவில்லை. அப்பொழுது அம்மிஷனின் இயக்குநராயிருந்தவர் கார்ல் கிரவுல். 1849 முதல் 1853 வரை கீழ்த்திசைப் பயணம் மேற்கொண்டு, தமிழை ஆழ்ந்து கற்று, திருக்குறளை ஜெர்மன் மொழியில் பெயர்த்த அறிஞர் அவர். அவரை இகழ்ந்து தள்ளுதல் எளிது, நேர்மையாகாது. சாதியில் சமயக் கூறும் உண்டு, சமூகக் கூறும் உண்டு. சமூகக் கூற்றைச் சபை சட்டத்தால் ஒழிக்க முற்படுவது சுவிசேஷத்தோடு ஒரு புதிய நியாயப்பிரமாணத்தைச் சேர்ப்பதாகும். புளித்தமாவைப் போலச் சுவிசேஷம் உள்ளிருந்தே மாற்றும் என்பது அவர் நிலையின் சாரம். இது கோழையின் வாதமன்று. லுத்தரன் இறையியலின் நடுநாடியைத் தொட்டே அவர் பேசினார்.

எனினும் அவர் வாதத்தில் ஒரு பெரும் பிழை இருந்தது. இடைநிலைக் காரியம் எது என்று தீர்மானிக்கும் உரிமை யாருக்கு உண்டு என்ற வினாவை அவர் எழுப்பவில்லை. கோவிலில் முன்னே அமர்பவனுக்கு இருக்கை வரிசை இடைநிலைக் காரியமே. பின்னே நிறுத்தப்படுபவனுக்கு அது அவனைப் பற்றிய தீர்ப்பு. நற்கருணைக்கு முந்தி வருபவன் வரிசையை ஒழுங்கு என்பான். காத்திருப்பவனோ தான் காத்திருப்பது யாருக்காக என்பதை அறிவான். அந்தியோகியாவில் பேதுரு பந்தியை விட்டு விலகியபோது எந்த உபதேசத்தையும் மறுக்கவில்லை; எழுந்து போனார், அவ்வளவே. பவுல் அதனைச் சுவிசேஷத்தின் சத்தியத்திற்கு மாறான நடை என்று கண்டித்தார். ஒற்றுமைச் சூத்திரம் சாய்ந்து நிற்கும் அதே அதிகாரத்தில்தான் இப்பந்தி நிகழ்ச்சியும் உள்ளது. பத்தாம் பிரிவைத் துணைக்கழைத்தோர் அதிகாரத்தின் முற்பகுதியோடு நின்றுவிட்டனர்.

லைப்சிக் மிஷனில் பணியாற்றிய ஒக்ஸ் இதனை ஏற்க இயலாமல் வெளியேறினார். 1860-களில் பெத்தானி டேனிஷ் மிஷன் சங்கத்தோடு இணைந்தது. இங்கே வரலாறு நமக்கு ஒரு பாடம் வைத்திருக்கின்றது. டென்மார்க்குத் திருச்சபை ஒற்றுமைச் சூத்திரத்தை ஒருபோதும் தன் அறிக்கையாக ஏற்றதில்லை. பொது விசுவாசப் பிரமாணங்களோடு அவுக்ஸ்பர்க் அறிக்கையும் லுத்தரின் சிறிய ஞானோபதேசமுமே அதற்குப் போதுமாயிருந்தன. அறிக்கைக் கண்டிப்பிற்குப் பெயர்பெற்ற மிஷன் பத்தாம் பிரிவின் உட்கருத்தைத் தவறவிட்டது. அப்பிரிவைத் தன் ஏட்டில் கொண்டிராத மரபு அதன்படி நடந்தவரைச் சேர்த்துக்கொண்டது. நூலைக் காப்பதும் அறிக்கையிடுவதும் ஒன்றல்ல என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை. ஆயினும் பெத்தானியின் வழிவந்தோரும் இதில் மேன்மைபாராட்ட இடமில்லை. தொடக்கத்திலே சாதியை மறுத்த சபைக்குள்ளும் சாதி மீண்டும் நுழையும் வழியை அறியும்.

ஒரு பழைய காயம்

இது பத்தொன்பதாம் நூற்றாண்டில் தொடங்கியதுமன்று. 1733-ல் தரங்கம்பாடியில் குருப்பட்டம் பெற்ற முதல் தமிழராகிய ஆரோன் கடலூரைச் சேர்ந்தவர். அதனை நாம் மகிழ்ச்சியோடு நினைவுகூர்கின்றோம். அதே காலத்தில் தஞ்சைப் பகுதியில் உபதேசியாராக நெடுங்காலம் உழைத்தவர் இராசநாயக்கன். அவர் பறையர் குலத்தவர். அவர் கையிலிருந்து மற்றையோர் நற்கருணை பெறமாட்டார்கள் என்ற அச்சத்தால் அவருக்குக் குருப்பட்டம் கொடுக்கப்படவில்லை. முறையான அழைப்பின்றி எவரும் போதிக்கலாகாது என்கின்றது அவுக்ஸ்பர்க் அறிக்கையின் பதினான்காம் பிரிவு. இராசநாயக்கனைப் பொறுத்தவரை அழைப்பின் முறையைத் தீர்மானித்தது அறிக்கையா, சாதியா?

சபை என்பது சுவிசேஷம் தூய்மையாய்ப் போதிக்கப்பட்டு, திருவருட்சாதனங்கள் செவ்வையாய் வழங்கப்படும் பரிசுத்தவான்களின் கூட்டம் என்பது ஏழாம் பிரிவின் பொருள். 'செவ்வையாய்' என்ற சொல்லை நாம் அப்பத்தைப் பற்றியும் இரசத்தைப் பற்றியும் மட்டுமே விளக்கி வந்திருக்கின்றோம். பந்தியைப் பற்றியும் அது பேசுகின்றது என்று கொரிந்தியருக்கு எழுதின முதலாம் நிருபத்தின் பதினோராம் அதிகாரம் நமக்குக் கற்பித்திருக்க வேண்டும்.

பெத்தானி எழும்பிய அதே பத்தாண்டில், புவனகிரிக்கு அண்மையிலுள்ள மருதூரில் பிறந்த இராமலிங்க அடிகளார், 1867-ல் வடலூரில் தருமசாலையைத் தொடங்கினார். சாதி வேறுபாடின்றிப் பசித்தோர் யாவரும் அங்கே உண்டனர். அவ்வடுப்பு இன்றும் எரிகின்றது. அவர் உபதேசம் நம் உபதேசமன்று. ஆயினும் கிறிஸ்துவின் பந்தியை உடைய நாம், பந்தியில் வரிசை வேண்டுமா என்று வாதாடிக்கொண்டிருந்த காலத்தில், நம் அண்டையில் ஒரு பந்தி வரிசையின்றி நடந்தது. இது நம்மை நாணச் செய்ய வேண்டும்.

இன்றைய கடமை

1977-ல் தார் எஸ் சலாமில் கூடிய லுத்தரன் உலக சம்மேளனம், தென்னாப்பிரிக்க இனவொதுக்கல் அறிக்கைநிலைக்குரிய காரியம் என்று அறிவித்தது. நிறத்தின்படி பந்தியைப் பிரிப்பது இடைநிலைக் காரியமன்று எனப் பத்தாம் பிரிவின் ஒளியில் உலக லுத்தரன் சபைகள் கண்டன. அங்கே கண்டதை இங்கே காணாமலிருப்பதற்கு நமக்கு எந்தச் சாக்கும் இல்லை.

குருப்பட்டம் பெறுவோர் திருச்சபையின் அறிக்கைகளுக்கு இசையப் போதிப்பதாக வாக்குக் கொடுக்கின்றனர். அவ்வாக்குக் கொடுக்கவிருக்கும் மாணவர் பத்தாம் பிரிவைத் தேர்வுக்காக ஒருமுறை வாசித்தல் போதாது. தம் சபையின் கல்லறைத் தோட்டத்திற்கு அதனை எடுத்துச் சென்று, எந்தச் சுவர் எதற்காக எழுப்பப்பட்டது என்று விசாரித்து வாசிக்கட்டும். சபைச் சங்கத் தேர்தலின்போதும் திருமணப் பேச்சின்போதும் வாசிக்கட்டும். அவ்விடங்களில் வாய்திறக்க அஞ்சுகின்றவர், 1530-ல் கையொப்பமிட்டவர்களின் நூலை உடையவராயிருக்கலாம். அவர்களுடைய அறிக்கையை இன்னும் உடையவரல்லர்.