பெயர் எழுதாத பாட்டு: கானல்வரியைக் கேட்கும் முறை

கவிதையும் இசையும் நினைவைத் தொடுகின்றன, காலத்தைக் கடக்கின்றன என்று பேசாத மேடை கிடையாது. எப்படித் தொடுகின்றன என்று யாராவது கேட்டுவிட்டால் மட்டும் ‘அதெல்லாம் அனுபவம், சொல்ல வராது’ என்று நழுவி விடுகிறோம். சொல்ல வரும் என்று காட்டிய நூல் ஒன்று தமிழில் உண்டு. அது சிலப்பதிகாரம். அதிலும் புகார்க் காண்டத்தின் ஏழாவது பகுதியாகிய கானல்வரி.

டாக்டர் உ.வே.சாமிநாதையர் 1892-இல் சிலம்பை அச்சில் ஏற்றினார். அடியார்க்குநல்லார் உரையில் கானல்வரிக்குரிய பகுதி நமக்குக் கிடைக்கவில்லை. இசைச் செய்தி நிறைந்த இடத்தில், இசையறிந்த உரையாசிரியரின் துணை இல்லாமல் போயிற்று. பின்னால் தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் 1917-இல் வெளியிட்ட ‘கருணாமிர்த சாகரம்’, விபுலாநந்த அடிகள் 1947-இல் வெளியிட்ட ‘யாழ் நூல்’ ஆகிய இரண்டும் சிலம்பின் சுரங்களையும் பாலைகளையும் நரம்புகளையும் ஆராய்ந்தன. பெருந்தொண்டு அது, ஐயமில்லை. ஆனால் யாழுக்கு எத்தனை நரம்பு என்று கேட்ட அளவுக்கு, அந்த யாழைக் கேட்டவர் மனத்தில் என்ன நடந்தது என்று நாம் கேட்கவில்லை. இக்கட்டுரை கேட்பது அதைத்தான்.

இந்திர விழா முடிந்து, புகார்க் கடற்கரையில் கோவலனும் மாதவியும் இருக்கிறார்கள். மாதவி யாழை வாங்கிச் சுருதி சேர்க்கிறாள். பண்ணல், பரிவட்டணை, ஆராய்தல், தைவரல் என்று எட்டு வகைக் கரணங்களை அடிகள் வரிசையாகச் சொல்கிறார். பிறகு யாழைக் கோவலன் கையில் தருகிறாள். அவன் காவிரியைப் பாடுகிறான். சோழ மன்னன் கங்கையோடு கூடினாலும், குமரியோடு கூடினாலும் காவிரி ஊடமாட்டாள். அதுவே அவள் கற்பு என்பது பாட்டின் கருத்து. மாதவிக்குச் சுருக்கென்கிறது. இவன் மனத்தில் வேறொருத்தி இருக்கிறாள் என்று நினைக்கிறாள். ஊடலை மறைத்து மகிழ்ந்தவள் போல யாழை வாங்கி, தனக்கும் வேறு குறிப்பு இருப்பது போல, அவளும் காவிரியையும் நெய்தல் நிலத்துப் பிரிவையும் பாடுகிறாள். அவள் நடித்ததை அவன் மெய்யென்று கொண்டான். எழுந்து போய்விட்டான். அவள் தனியே வண்டியேறி வீடு திரும்பினாள்.

இரண்டு பாட்டிலும் எவர் பெயரும் இல்லை என்பதை இங்கே கவனிக்க வேண்டும். அகப்பாட்டில் தலைமக்களின் பெயரைச் சுட்டிச் சொல்லக் கூடாது என்பது தொல்காப்பியர் வகுத்த விதி. இதை வெறும் நாகரிகம் என்று சிலர் கொள்வர். எனக்கு அது ஒரு கணக்கு முறையாகத் தெரிகிறது. கடையில் யாருடையது என்று தெரியாமல் ஒரு தொகை வந்தால் அதை அனாமத்துக் கணக்கில் எழுதி வைப்போம். உரியவர் வந்ததும் அவர் பேருக்கு மாற்றிவிடுவோம். அகப்பாட்டும் ஓர் அனாமத்து வரவுதான். கேட்கிறவர் தம் நினைவைக் கொண்டுவந்து அதில் பெயரை எழுதிக்கொள்கிறார். பாட்டு நினைவைத் தருவதில்லை. நினைவுக்கு இடம் விட்டு வைக்கிறது, அவ்வளவே.

இந்த இடத்தில் அடிகளின் நுட்பம் ஒன்று இருக்கிறது. கணவன் வேறொருத்தியோடு இருந்தும் ஊடாமல் இருப்பவள் யார்? புகார் நகரத்திலேயே, கடற்கரைக்கு வராமல் வீட்டில் இருக்கும் கண்ணகிதானே! கோவலன் தன்னை அறியாமலே தன் மனைவியைப் பாடிவிட்டான். மாதவி வேறு ஒரு பெயரைத் தேடினாள். கோவலனோ தான் பாடியதன் உள்ளே இருந்தவளைக் காணவில்லை. மூன்றாவதாகக் கேட்கிற நமக்குத்தான் அது தெரிகிறது. பாடுகிறவனுக்கே தெரியாத நினைவையும் பாட்டு சுமந்துகொண்டு வரும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

இனி, இந்தப் பிரிவுக்குக் காரணம் என்ன? யாழிசையைச் சாக்காக வைத்து ஊழ்வினை வந்தது என்று அடிகளே கூறுகிறார். உடனே பலரும் ‘எல்லாம் விதி’ என்று புத்தகத்தை மூடிவிடுவர். சமண வீட்டில் பிறந்தவனுக்கு அந்த விடை போதாது. எங்கள் சமயத்தில் வினை என்பது வெளியே நின்று தள்ளுகிற தெய்வம் அன்று. குரோதம், மானம், மாயை, லோபம் என்ற நான்கு கஷாயங்களால் உயிர் ஈரப்பட்டிருக்கும்போது வினைத்துகள் வந்து ஒட்டிக்கொள்கிறது. ஈரச் சுவரில் ஒட்டுகிற தூசி, உலர்ந்த சுவரில் ஒட்டாது. இளங்கோவடிகளைச் சமண முனிவர் என்றே பெரும்பாலோர் கொள்வர். அந்தக் கண்ணால் பார்த்தால் கானல்வரியில் மாதவியின் மானமும் கோவலனின் சினமும்தான் ஈரம். பாட்டில் பிழை இல்லை. ஊழ் நுழைந்த வாசல் காது.

ஈர மனம் நினைவை என்ன செய்யும் என்பதை அடுத்து வரும் வேனிற்காதை காட்டுகிறது. இளவேனில் வருகிறது. மாதவி நிலாமுற்றத்தில் யாழோடு அமர்கிறாள். பாடத் தொடங்கியவள் மயங்குகிறாள். இசை ஓரிடத்தில் நிற்கவில்லை. துயரம் என்று ஒரு சொல் சொல்வதை விட, தேர்ந்த கை தடுமாறியது என்று சொல்வது எவ்வளவு பெரிது! கை தடுமாறியது தெரிய வேண்டுமானால், தடுமாறாத கை எது என்று முன்னமே தெரிந்திருக்க வேண்டும். அதற்காகத்தான் அந்த எட்டுக் கரணங்களை அடிகள் முன்னாலே சொல்லி வைத்தார் என்பது என் கருத்து. இலக்கணம் உணர்ச்சிக்குப் பகை என்பார் இதைப் படிக்க வேண்டும்.

அவள் தாழை மடலில் கடிதம் எழுதி வசந்தமாலையிடம் கொடுத்தனுப்புகிறாள். கோவலன் வாங்க மறுக்கிறான். அவள் முன்பு தன்னிடம் காட்டிய அன்பை எல்லாம் ஒவ்வொன்றாக நினைத்து, எல்லாமே ஆடல்மகளின் நடிப்பு என்று எட்டு வகை வரிக்கூத்தாக எண்ணிச் சொல்கிறான். நடந்தவை அதே நாட்கள்தான், அதே மாதவிதான். சினம் வந்து பழைய பேரேட்டை முழுக்கத் திருத்தி எழுதிவிட்டது.

பிறகு காலம் தன் வேலையைச் செய்கிறது. மதுரைக்குப் போகும் வழியில், புறஞ்சேரி இறுத்த காதையில், கௌசிகன் இரண்டாவது கடிதத்தைக் கொண்டு வருகிறான். அதன் மேலிருந்த மணம் மாதவியின் கூந்தல் மணத்தை நினைவூட்டுகிறது. கோவலன் படிக்கிறான். அவள்மேல் குற்றம் இல்லை, குற்றம் தன்னுடையது என்று உணர்கிறான். அடுத்து அவன் செய்ததுதான் வியப்பு. அதே ஓலை தன் பெற்றோருக்குத் தான் எழுத வேண்டியதற்கும் பொருந்துகிறது என்று சொல்லி, அதையே அவர்களிடம் சேர்க்கச் சொல்கிறான். காதலி காதலனுக்கு எழுதியது, மகன் பெற்றோருக்கு எழுதியதாகிவிட்டது! கானல்வரியில் சந்தேகத்துக்கு இடம் கொடுத்த அதே வெற்றிடம், இங்கே பணிவுக்கு இடம் கொடுக்கிறது. அதே காதையில் அவன் பாணர்களோடு அமர்ந்து மறுபடியும் யாழைத் தொடுகிறான். இம்முறை எவருக்கும் ஐயம் வரவில்லை.

சமணம் இசையை வெறுத்தது என்று சொல்லும் பழக்கம் நம்மிடையே உண்டு. சீவக சிந்தாமணியில் காந்தருவதத்தையை மணக்க யாழ்ப்போட்டி நடக்கிறது. பெருங்கதையின் உதயணன் மதயானையை யாழால் அடக்குகிறான். காணாமற்போன அந்த யாழ் திரும்பக் கிடைக்கும்போது வாசவதத்தையின் நினைவில் கலங்குகிறான். இவையெல்லாம் சமணர் எழுதியவையே. அவர்கள் அஞ்சியது இசையை அன்று, ஈர மனத்தோடு கேட்பதை.

இதனால் மும்பைவாழ் தமிழருக்கு என்ன என்று கேட்கலாம். நம் வீடுகளில் ஒரு குறை அடிக்கடி காதில் விழுகிறது. “பிள்ளைங்களுக்கு நம்ம பாட்டே பிடிக்கல. கேட்டா ஒரு சலனமும் இல்ல.” மாட்டுங்கா சண்முகானந்தா அரங்கில் பாட்டுக் கேட்டுக் கண்கலங்கும் பெரியவர் பக்கத்தில் பேத்தி கைக்கடிகாரத்தைப் பார்க்கிறாள். பெரியவருக்கு மனத்தாங்கல்.

பெரியவர் அந்த ராகத்தில் எழுதியிருக்கும் பெயர் அவருடைய ஊர். அந்தப் பெயரை அவள் எழுத முடியாது. எழுதச் சொல்லி வற்புறுத்துவது, அனாமத்து வரவை நம் பேருக்கே மாற்றிக்கொண்டு, கணக்கை மூடுவது போல. தாராவிக்கு நெல்லையிலிருந்து வந்தவர்களின் ஆறு தாமிரபரணி. வந்தவாசிப் பக்கத்து எங்களுக்கோ பெரும்பாலும் மணலாகவே கிடக்கும் செய்யாறு. இருந்தும் இளங்கோ பாடிய காவிரியை நாம் நம்முடையது என்று கேட்கவில்லையா? தாராவியில் பிறந்த பிள்ளைக்கு ஆறு என்றால் மித்தி. 2005 ஜூலை 26 அன்று சாந்தாகுரூசில் ஒரே நாளில் 944 மி.மீ. மழை கொட்டி, மித்தி கரை மீறியதை அதன் வீட்டார் சொல்லிச் சொல்லிக் கேட்டு வளர்ந்திருக்கும். ஆற்றுவரி கேட்கும்போது அந்தப் பிள்ளைக்கு மித்தி நினைவுக்கு வந்தால் வரட்டுமே. காவிரிக்கு அதனால் ஒரு குறையும் இல்லை.

இழவு வீட்டு ஒப்பாரியைப் பாருங்கள். செத்தவர் பெயரையும் முறையையும் சொல்லித்தான் பாட்டு எழுகிறது. ஆனால் சுற்றி நின்று அழுகிற ஒவ்வொரு பெண்ணும் தன் வீட்டில் போனவரை நினைத்தல்லவா அழுகிறாள்! பெயர் சொன்ன பாட்டிலேயே இவ்வளவு இடம் இருந்தால், பெயர் சொல்லாத பாட்டில் நம் பேரப்பிள்ளைகளுக்கு இடம் இல்லாமலா போகும்?

நாம் கொடுக்க வேண்டியது இரண்டு. ஒன்று இலக்கணம். சொல்லின் பொருள், பண்ணின் வழி, எது நேர்ச்சுரம், எது தவறிய சுரம் என்கிற அறிவு. அது இல்லாவிட்டால் மாதவியின் கை தடுமாறியது அவர்களுக்குக் கேட்கவே கேட்காது. மற்றொன்று காலி இடம். உணர்ச்சியை நாம் ஊட்ட வேண்டாம். தமிழ் மன்றங்களுக்கு ஒரு வேண்டுகோள். ஆண்டு விழாவில் ஒருமுறையாவது கானல்வரியைப் பாட வையுங்கள். பொருளை எளிய தமிழில் சொல்லிவிட்டு, ‘இது உனக்கு யாரை நினைவூட்டுகிறது?’ என்று பிள்ளைகளைக் கேளுங்கள். என்ன பதில் வந்தாலும் கோவலனைப் போல எழுந்து போய்விடாமல் உட்கார்ந்து கேளுங்கள்.