சூத்திரம்: மனை வரைவுச் சொல்லொன்றின் பெயர்ப்பு

திருமங்கலத்து நீலகண்டன் 16ஆம் நூற்றாண்டில் வடமொழியில் இயற்றிய 'மனுஷ்யாலய சந்திரிகை' கேரள மனை நூல்களுள் குறிப்பிடத்தக்கது. மனை வரைவில் கிழக்கு மேற்காக அமைவது பிரம்மசூத்திரம். தென்வடலாக அமைவது யமசூத்திரம். இவற்றுள் 'சூத்திரம்' என்பதைத் தமிழில் எவ்வாறு பெயர்ப்பது?

நூற்பா, வாய்பாடு என்னும் வழக்குப் பொருள்கள் இங்குப் பொருந்தா. 'கோடு' என்பதும் குறையுடையதே. கோடு வரைபடத்தோடு நின்றுவிடும். சூத்திரமோ நிலத்தில் கயிறாகவும் இழுக்கப்படுவது. சூத்திரங்கள் வெட்டிக்கொள்ளும் மருமங்களில் தூணும் சுவரும் அமைதல் ஆகாது என்பது மரபு. ஆதலின் சொல் பிழைத்தால் விதியும் மறையும்.

'நூல்' என்பதே ஏற்ற சொல் எனலாம். இழை, சாத்திரம் என்னும் இருபொருளும் இதற்கும் உண்டு. அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கைத் தச்சர் 'நூல்' என்பர், மலையாளத்திலும் அவ்வாறே. 1956 மாநிலச் சீரமைப்பில் கேரளத்தோடு நின்ற நெய்யாற்றின்கரை வட்டத்துத் திருப்புறம் போன்ற எல்லையூர்களில் இருமொழியாளர்க்கும் இச்சொல் விளங்கும். கயிறிட்டு மனை வகுக்கும் செய்தி நெடுநல்வாடையிலும் உண்டு.

'நூல்' தனித்து நிற்பின் ஏடு எனவும் மயங்கும். எனவே 'கீழ்மேல் நடுநூல்', 'தென்வடல் நடுநூல்' என விரித்தல் நன்று. யமன் தென்றிசைக்கு உரியவனாதலின் மூலப்பெயரே திசையையும் சுட்டுகிறது. அதனை முதலிடத்தில் காட்டிச் செல்வது பெயர்ப்பாளர் கடன்.