மாரியோவின் முதுகில் ஒரு ஸ்பிரேயர்

ஏலத்தோட்டங்களில் மருந்தடிப்பவர்களை எங்கள் ராசிங்காபுரம் பக்கத்து வாசகர்கள் நன்கறிவர். முதுகில் ஸ்பிரேயர், கையில் குழல், காலடியில் வழுக்கும் சரிவு. ஏறக்குறைய இதே கோலத்தில் 2002-ஆம் ஆண்டில் திரையில் தோன்றினான் ஒரு விளையாட்டு வீரன். நின்டெண்டோ நிறுவனத்தின் ‘சூப்பர் மாரியோ சன்ஷைன்’ என்ற வீடியோ விளையாட்டின் நாயகனே அவன்.

மேடைக்கு மேடை தாவுவதே மாரியோ ஆட்டங்களின் உயிர். 1996-இல் வெளிவந்த ‘சூப்பர் மாரியோ 64’ அத்தாவலை முப்பரிமாண உலகுக்குக் கொண்டு வந்தது. சன்ஷைனிலோ, தீவெங்கும் படிந்த கறையைக் கழுவ மாரியோவுக்கு நீர் பீய்ச்சும் கருவி தரப்பட்டது. தாவும்போது அதைக் கீழ்நோக்கிப் பீய்ச்சினால் சிறிது நேரம் மிதக்கலாம். தவறிய தாவலைக் கருவி காப்பாற்றுமானால் திறமைக்கு என்ன வேலை என்று ஒரு சாரார் கேட்டனர். நானும் அக்கட்சியே. ஆனால் 2020-இல் ஸ்விட்ச் கருவிக்காக இது மீண்டும் வெளியானபோது ஆடிப் பார்த்தேன், கருத்து மாறியது.

தரையை விட்ட உடல், காற்றுத்தடையை ஒதுக்கினால், ஈர்ப்புவிசைக்கு மட்டுமே கட்டுப்பட்டது. எதையேனும் வெளியே தள்ளாமல் அது தன் பாதையை மாற்ற இயலாது. ஆனால் இத்தகைய ஆட்டங்களில் வீரர்கள் காரணமின்றியே நடுவானில் திசை மாறுவர். இங்கே மிதப்பதற்கு ஒரு காரணம் கண்முன் உள்ளது: நீர் கீழே பாய்கிறது, எதிர்வினை மேலே தாங்குகிறது. நியூட்டனின் மூன்றாம் விதியே இது.

அளவு மட்டும் பொய். 60 கிலோ எடையுள்ளவரைத் தாங்க ஏறக்குறைய 600 நியூட்டன் விசை வேண்டும். நீர் நொடிக்கு 20 மீட்டர் வேகத்தில் பாய்ந்தாலும், நொடிக்கு 30 லிட்டர் செலவாகும். 15 லிட்டர் டேங்க் அரை நொடியில் காலி! நீர்த்தாரையால் மனிதரைத் தூக்கும் உண்மைக் கருவிகள் ஏரியிலிருந்தோ கடலிலிருந்தோ நீண்ட குழாய் வழியே நீரைப் பெறுவது இதனால்தான்.

குறைகளும் உண்டு. 240 நீல நாணயங்களைத் தேடுவது சலிப்பு. எவை எடுக்கப்பட்டன என்ற குறிப்பும் இல்லை. காட்சிக்கோணம் அடிக்கடி சுவரில் முட்டுகிறது.

ஆயினும் சில கட்டங்களில் கருவி பறிக்கப்படுகிறது. வெறும் தாவல் மட்டுமே மிஞ்சுகிறது. திறமை எங்கே என்று கேட்டவர்களுக்கு விடை அங்கேயே இருந்தது. கருவி திறமையை அழிக்கவில்லை. தவறைத் திருத்திக்கொள்ள ஒரு கணம் அவகாசம் தந்தது. வகுப்பறையில் மாணவனுக்கு நாம் தர மறக்கும் அவகாசமும் அதுவே அல்லவா?